ஒரே கூரையின்கீழ்: மதுரைத் தங்கம் திரையரங்கின் கட்டட, பண்பாட்டு வரலாறு

ஆய்வுச் சுருக்கம்

1952ஆம் ஆண்டு தீபாவளி நாளில் திறக்கப்பட்டு, 2011இல் இடிக்கப்பட்ட மதுரைத் தங்கம் திரையரங்கு, 2,563 இருக்கைகளைக் கொண்டிருந்தது. ஆசியாவிலேயே பெரிய திரையரங்கு என்னும் புகழுரையோடு அதன் வரலாறு பெரும்பாலும் முடிந்துவிடுகிறது. அந்த அளவு எவ்வாறு சாத்தியமாயிற்று, அது யாரை உள்ளே அழைத்தது, உள்ளே அழைக்கப்பட்டோரை எவ்வாறு பிரித்தது, பின்னர் ஏன் நிலைக்கவில்லை ஆகிய வினாக்களை இக்கட்டுரை எழுப்புகிறது. தமிழர் அனைவரும் ஒரே கூரையின்கீழ் அமர்ந்த முதல் கலையரங்கு திரையரங்கே என்னும் கார்த்திகேசு சிவத்தம்பியின் கருத்தை, மதுரையின் நாடகக் கொட்டகை, கோயில் நுழைவு, திரையரங்குச் சட்டம், சிவகாசி வட்டாரத்தின் கலைத்தொழில் ஆகியவற்றோடு பொருத்தி இது ஆராய்கிறது. திரையரங்கைச் சமூகக் கட்டடமாகக் கருதி ஆவணப்படுத்த வேண்டிய தேவையையும் வலியுறுத்துகிறது.

திறவுச்சொற்கள்: தங்கம் திரையரங்கு, மதுரை, நாடகக் கொட்டகை, கோயில் நுழைவு, விசுவநாததாஸ், சிவகாசி, மரபுரிமை

1. முன்னுரை

தமிழகக் கட்டடக்கலை வரலாறு கோயில்களைப் பற்றி விரிவாகப் பேசுகிறது. அரண்மனைகளையும் காலனியக் கால அரசுக் கட்டடங்களையும் பற்றி ஓரளவு பேசுகிறது. இருபதாம் நூற்றாண்டுத் தமிழர் பல்லாயிரவராகக் கூடி அமர்ந்த திரையரங்கைப் பற்றி அது பெரும்பாலும் மௌனம் சாதிக்கிறது. திரைப்பட வரலாற்றாசிரியர்களும் படங்களையும் நடிகர்களையும் பதிவு செய்த அளவுக்கு, அப்படங்கள் ஓடிய கட்டடங்களைப் பதிவு செய்யவில்லை. கட்டடக்கலையாளருக்கு அது கலையாகத் தோன்றவில்லை. திரைப்பட ஆய்வாளருக்கு அது படத்தின் வெளிப்புறமாகவே தோன்றியது. இவ்விரு துறைகளுக்கும் இடைப்பட்ட வெளியில் தமிழ்நாட்டின் பெரிய திரையரங்குகள் ஒன்றன்பின் ஒன்றாக மறைந்து வருகின்றன.

1981இல் வெளியான தமிழ்த் திரைப்படமும் அரசியலும் பற்றிய தமது ஆய்வில், ஈழத்து அறிஞர் கார்த்திகேசு சிவத்தம்பி ஒரு முக்கியமான கருத்தை முன்வைத்தார். தமிழர் அனைவரும் ஒரே கூரையின்கீழ் அமர்ந்து கலை நுகர்ந்த முதல் இடம் திரையரங்கு. அங்கு அமரும் இடத்தைத் தீர்மானித்தது ஒருவரின் சமூகப் படிநிலையன்று, அவரது வாங்கும் திறனே என்பது அதன் சாரம். இக்கருத்து பலராலும் எடுத்தாளப்பட்டுள்ளது. எனினும், அந்தக் 'கூரை' பெரும்பாலும் உருவகமாகவே கொள்ளப்பட்டுவிட்டது. அதனை மெய்யான கூரையாக, அதாவது குறிப்பிட்ட நிலத்தின்மேல் குறிப்பிட்ட அளவில் எழுந்த கட்டடமாகக் கருதிச் சோதித்துப் பார்க்க, மதுரைத் தங்கம் திரையரங்கு மிகப் பொருத்தமான சான்றாகும்.

2. நிலம்: கோட்டை மதிலிலிருந்து கடைவீதிக்கு

மதுரை நகரின் அமைப்பு, மீனாட்சி சுந்தரேசுவரர் கோயிலை நடுவாகக் கொண்டு ஆடி, சித்திரை, ஆவணி மூலம், மாசி எனச் சதுரம் சதுரமாக விரிவது. இவ்வீதிகள் திருவிழாக்களுக்காகவும் தேரோட்டத்துக்காகவும் அமைந்தவை. ஒருவர் எந்த வீதியில் குடியிருந்தார் என்பது அவரது சமூக இடத்தையும் ஒருவாறு குறித்தது.

மாசி வீதிகளுக்கு வெளியே உள்ள வளையத்தின் கதை வேறு. பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் மதுரை மாவட்ட ஆட்சியராக இருந்த பிளாக்பர்ன் காலத்தில் நாயக்கர் காலக் கோட்டையின் மதில்கள் இடிக்கப்பட்டன, அகழி தூர்க்கப்பட்டது. அந்நிலத்தில் உருவான புதிய தெருக்கள் வெளி வீதிகள், மாரட் வீதிகள், பெருமாள் மேஸ்திரி வீதிகள் எனப் பெயர் பெற்றன. கோயில் வீதிகள் தமிழ் மாதங்களின் பெயரையும் திருவிழாக்களின் பெயரையும் தாங்க, இப்புதிய வீதிகளுள் சில, கோட்டையை அகற்றும் பணியில் ஈடுபட்டோரின் பெயரைத் தாங்கின. 1875இல் திருச்சிராப்பள்ளியிலிருந்து மதுரைக்கும், அடுத்து தூத்துக்குடிக்கும் இருப்புப்பாதை வந்தபின், தொடர்வண்டி நிலையம் அமைந்த மேற்குப் பகுதி வணிகமும் விடுதிகளும் பெருகிய இடமாயிற்று.

தங்கம் திரையரங்கு எழுந்தது இப்பகுதியில், மேலப் பெருமாள் மேஸ்திரி வீதியில். கோயில் வீதிகளின் மரபுரிமைக் கட்டுகளுக்கு வெளியே, விருதுநகர், சாத்தூர், கோவில்பட்டி ஊர்களிலிருந்து தொடர்வண்டியிலும் பேருந்திலும் வருவோர் நடந்தே சென்றடையக்கூடிய தொலைவில் அது இருந்தது. பழைய நகரின் எல்லை அழிந்த இடத்தில் புதிய நகரின் பொதுவெளி தோன்றியது என்பது தற்செயலன்று. பெருங்கூட்டம் கூடுவதற்கு வேண்டிய பரந்த நிலம், போக்குவரத்து, எவருக்கும் உரிய தெரு ஆகிய மூன்றும் ஒருங்கே வாய்த்தது அவ்வளையத்தில்தான்.

3. குரலின் எல்லை: நாடக அரங்கின் அளவு

திரையரங்குக்கு முந்தைய அரங்கு நாடகக் கொட்டகை. தமிழ் நாடக வரலாற்றில் மதுரைக்குத் தனியிடம் உண்டு. தூத்துக்குடிக்கு அருகிலுள்ள காட்டுநாயக்கன்பட்டியில் 1867இல் பிறந்த சங்கரதாஸ் சுவாமிகள், 1918இல் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையை மதுரையில்தான் தொடங்கினார். டி.கே.எஸ். சகோதரர்கள் இளஞ்சிறுவர்களாகச் சேர்ந்து பயின்றது அச்சபையில். மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனி, நவாப் ராஜமாணிக்கத்தின் மதுரை தேவி பால விநோத சங்கீத சபை முதலிய பெயர்களே மதுரை என்னும் சொல் நாடகத் தரத்துக்கு முத்திரையாக விளங்கியதைக் காட்டும்.

இக்குழுக்கள் ஆடிய அரங்குகள் பெரும்பாலும் மூங்கிலும் கீற்றும் தகரமும் கொண்டு எழுப்பப்பட்ட கொட்டகைகள். சென்னையில் நிலைமை வேறாயிருந்தது. அங்கு 1883இல் விசயநகரம் மகாராசரால் அடிக்கல் நாட்டப்பட்டு, இராபர்ட் சிசோமின் வடிவமைப்பில் நம்பெருமாள் செட்டியார் கட்டிய விக்டோரியா பொதுக்கூடம் இந்தோ-சாரசனிக் பாணியில் செங்கல்லால் நிமிர்ந்து நின்றது. 1891இல் பம்மல் சம்பந்த முதலியாரும் நண்பர்களும் நிறுவிய சுகுண விலாச சபை தன் நாடகங்களை நடத்தியது அக்கூடத்தில். வழக்கறிஞரும் அரசு அலுவலரும் நடித்த சபை நாடகத்துக்குக் கல்லும் செங்கல்லும், ஊர் ஊராகச் சென்ற தொழில்முறை நாடகத்துக்குக் கீற்றும் தகரமும் என்னும் வேறுபாடு, கட்டுமானப் பொருளிலேயே வெளிப்பட்டது.

இவ்விருவகை அரங்குகளுக்கும் பொதுவான வரம்பு ஒன்றிருந்தது. அது மனிதக் குரல். ஒலிபெருக்கி வழக்குக்கு வருமுன், கடைசி வரிசையில் இருப்பவர் செவியில் பாட்டும் வசனமும் விழும் தொலைவே அரங்கின் நீளத்தைத் தீர்மானித்தது. விக்டோரியா பொதுக்கூடத்தின் அரங்கு ஏறத்தாழ 600 பேருக்கு உரியது. எஸ்.ஜி. கிட்டப்பாவும் கே.பி. சுந்தராம்பாளும் உச்சத் தாயியில் பாடிப் பெற்ற புகழில், இசைத்திறத்தோடு இந்தக் கட்டடத் தேவையும் கலந்திருந்தது. குரல் எட்டும் தொலைவுவரைதான் அவர்களது கூட்டமும் நீண்டது.

1931 அக்டோபர் 31இல் சென்னையில் 'காளிதாஸ்' திரையிடப்பட்டுப் பேசும்பட யுகம் தொடங்கியதும் இந்த எல்லை உடைந்தது. ஒலிபெருக்கியின் துணையால் குரல் எட்டாத இடமென ஒன்று இல்லாமற்போயிற்று. திரையின் பரப்பும் ஒளிப்படக் கருவியின் வெளிச்சமும் இடந்தரும் அளவுக்கு அரங்கை நீட்டவும் அகற்றவும் முடிந்தது. 600 என்னும் எண் 2,563 ஆக வளர்ந்ததற்கு உரிமையாளரின் துணிவு மட்டுமன்று, குரலுக்கும் கட்டடத்துக்கும் இடையிலிருந்த பழைய உறவு அறுந்ததும் காரணம்.

4. கோயில் வாசலும் கொட்டகை வாசலும்

ஒரே கூரை என்பதன் சமூகப் பொருளை உணர, அதே காலத்தில் மூடியிருந்த வாசல்களையும் நோக்க வேண்டும். மதுரைக்குத் தெற்கேயுள்ள கரிசல் வட்டாரத்தில் கோயில் நுழைவு பெரும் போராட்டமாக இருந்தது. 1897இல் கமுதிக் கோயிலுக்குள் நாடார் சமூகத்தார் நுழைந்தது நீண்ட வழக்காகி, இலண்டன் பிரிவி கவுன்சில்வரை சென்று அவர்களுக்கு எதிராக முடிந்தது. கோயில் நுழைவு உரிமையைச் சுற்றி எழுந்த பகை 1899இல் சிவகாசியில் பெருங்கலவரமாக வெடித்தது. மதுரை மீனாட்சியம்மன் கோயிலுக்குள் ஒடுக்கப்பட்ட சமூகத்தாரும் நாடார் சமூகத்தாரும் அ. வைத்தியநாத ஐயர் தலைமையில் நுழைந்தது 1939 சூலை 8ஆம் நாள்.

இந்நாளுக்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன்னர், 1937இல், மதுரை ராயல் டாக்கீசார் தயாரித்த 'சிந்தாமணி' வெளிவந்தது. ஒய்.வி. ராவ் இயக்கத்தில் எம்.கே. தியாகராஜ பாகவதர் நடித்த அப்படம் ஓராண்டுக்கு மேல் ஓடிச் சாதனை படைத்தது. அதில் ஈட்டிய வருவாயைக் கொண்டு மதுரையில் ஒரு திரையரங்கு கட்டப்பட்டு, அதற்கும் சிந்தாமணி என்றே பெயரிடப்பட்டது. 'சிந்தாமணி' பக்தியில் முடியும் கதை. ஆலயத்தின் கருவறையை நோக்கிச் செல்ல உரிமையற்றிருந்த ஒருவர், சீட்டு வாங்கிக்கொண்டு அதே பக்தியைத் திரையில் கண்டு, பிறரோடு அமர்ந்து கேட்க முடிந்தது. மதுரையில் கோயில் வாசலுக்கு முன்பே கொட்டகை வாசல் திறந்துவிட்டது என்பது வெறும் நயவுரையன்று. ஆண்டு வரிசையில் அமைந்த உண்மை.

எனினும், கொட்டகைக்குள் சாதி இல்லாமற் போய்விடவில்லை என்பதற்கு நாடக மேடையே சான்று. 1886இல் சிவகாசியில் பிறந்து திருமங்கலத்தில் வாழ்ந்தவர் தியாகி எஸ்.எஸ். விசுவநாததாஸ். முடிதிருத்தும் தொழிலுக்குரிய மருத்துவர் சமூகத்தைச் சேர்ந்த அவரோடு இணைந்து நடிக்க உடன் கலைஞர் பலர் மறுத்தனர். மதுரகவி பாஸ்கரதாஸ் போன்றோர் எழுதிய விடுதலைப் பாடல்களை, வள்ளி திருமணம் முதலிய புராண நாடகங்களின் நடுவே பாடியமைக்காக அவர் பலமுறை சிறை சென்றார். 1876ஆம் ஆண்டின் நாடக நிகழ்ச்சிகள் சட்டம் மேடையைக் கண்காணித்த காலம் அது. 1940 திசம்பர் 31ஆம் நாள் சென்னை ராயல் தியேட்டரில், முருகன் வேடத்தில் மயில்மீது அமர்ந்து பாடிக்கொண்டிருக்கும்போதே அவர் உயிர் பிரிந்தது. ஆயிரக்கணக்கானோர் அவர் பாட்டைக் கேட்கத் திரண்ட அரங்கில், அவரோடு மேடையைப் பகிரச் சிலர் மறுத்தனர். பார்வையாளர் பகுதியில் தளர்ந்த கட்டு மேடையில் இறுகியே இருந்தது. திரைப்படம் நடிகரை அரங்கிலிருந்து அகற்றி, அவரது நிழலை மட்டும் அங்கே நிறுத்தியபோது, இம்முரண் தீர்ந்துவிடாமல் கண்ணுக்கு மறைவான இடத்துக்குப் பெயர்ந்தது.

5. தீயும் சட்டமும் சுவரும்

கீற்றுக் கொட்டகை செங்கல் கட்டடமானதற்கு அழகுணர்ச்சியைக் காட்டிலும் தீயச்சமே முதற்காரணம். தொடக்கக் காலப் படச்சுருள் நைட்ரேட் பொருளால் ஆனது, எளிதில் தீப்பற்றுவது, பற்றினால் அணைத்தற்கு அரியது. அதனை வெப்பமிக்க கார்பன் ஒளிவிளக்கின் முன் ஓடவிடுவதே திரையீடு. 1918ஆம் ஆண்டின் இந்தியத் திரைப்படச் சட்டம் தணிக்கையோடு பார்வையாளரின் பாதுகாப்பையும் நோக்கமாகக் கொண்டிருந்தது. நாடு விடுதலை பெற்றபின் சென்னை மாநிலத்துக்கெனத் திரையரங்குகள் ஒழுங்குமுறைச் சட்டம் 1955இலும், அதற்கான விதிகள் 1957இலும் வந்தன.

இவ்விதிகளைக் கட்டடக்கலை ஆவணமாக வாசிக்கலாம். படக்கருவி அறை தீத்தாங்கும் பொருளால் தனியே அமைய வேண்டும். வெளியேறும் வழிகள் இருக்கை எண்ணிக்கைக்கு ஏற்பப் போதிய அளவில் இருக்க வேண்டும். உரிமத்தை மாவட்ட ஆட்சியர் வழங்க வேண்டும். நிலையான அரங்குக்கும் ஊர் ஊராகப் பெயரும் டூரிங் டாக்கீசுக்கும் தனித்தனி நெறிகள் உண்டு. தமிழகத் திரையரங்குகள் பலவும் ஒன்றுபோல் தோன்றுவதற்கு இவ்விதிகள் ஒரு காரணம். பக்கச்சுவர் நெடுகக் கதவு வரிசை, முகப்பில் உயர்ந்து நிற்கும் படக்கருவி அறை, அரங்கைச் சுற்றிலும் வெற்றிடம் ஆகியவை அழகுக்காக மட்டும் அமைந்தவையல்ல.

விதி காகிதத்தில் இருப்பதும் கட்டடத்தில் இருப்பதும் ஒன்றன்று. 1979 சூலை 29ஆம் நாள் தூத்துக்குடியில் கூரை வேய்ந்த திரையரங்கு ஒன்றில் மூண்ட தீயில் பெண்களும் குழந்தைகளும் உட்படப் பலர் உயிரிழந்தனர். வெடிமருந்தோடும் தீக்குச்சியோடும் நாள்தோறும் வாழும் தென்மாவட்ட மக்களுக்கு இவ்வகைத் துயரத்தின் பொருளை விளக்க வேண்டியதில்லை. கல்லாலும் சுண்ணத்தாலும் ஆன நிலையான அரங்கு அவர்களுக்கு ஆடம்பரமாக மட்டுமன்றி, உயிர்க்காப்பாகவும் விளங்கியது.

6. தங்கம்: அளவும் அதன் பொருளும்

1952 அக்டோபர் 17, தீபாவளித் திருநாள். கிருஷ்ணன்-பஞ்சு இயக்கத்தில், மு. கருணாநிதியின் வசனத்தில், சிவாஜி கணேசனின் முதற்படமாக வெளிவந்த 'பராசக்தி'யோடு தங்கம் திரையரங்கு தன் திரையைத் திறந்தது. 52,000 சதுர அடி நிலம், அதாவது ஏறத்தாழ 1 ஏக்கர் 19 சென்ட், அதற்கு உரியதாக இருந்தது. 2,563 இருக்கைகள் என்பது இன்றைய பல்திரை வளாகம் ஒன்றின் எல்லா அரங்குகளையும் சேர்த்தாலும் எளிதில் எட்டாத எண்ணிக்கை.

இவ்வெண்ணைப் பெருமைக்குரிய செய்தியாக மட்டும் கொள்ளாமல் கணக்கிட்டுப் பார்ப்பது பயன் தரும். நாளொன்றுக்கு மூன்று காட்சிகள் எனக் கொண்டால், நிறைந்த அரங்கில் ஒரு நாளில் 7,689 பேர் படம் பார்க்கலாம். 1951ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் மதுரை நகரின் மக்கள்தொகை ஏறத்தாழ 3.6 லட்சம். எனவே 47 நாள்கள் அரங்கு நிறைந்து ஓடினால், கைக்குழந்தை முதல் முதியோர்வரை நகரத்து மக்கள் அனைவரும் ஒருமுறை பார்த்து முடித்த கணக்காகிவிடும். இந்த அரங்கு மதுரை நகரை மட்டும் நம்பி எழுந்ததன்று. சுற்றியுள்ள மாவட்டங்களையும் தன் பார்வையாளராகக் கருதியே எழுந்தது என்பது இக்கணக்கிலிருந்து பெறப்படும்.

தமிழ்த் திரைப்பட வரலாற்றில் வெற்றிக்கு அளவுகோலாக வழங்கும் 'நூறு நாள்' கணக்கையும் இதனால் மறுபரிசீலனை செய்ய வேண்டியுள்ளது. 500 இருக்கைகள் கொண்ட அரங்கில் ஒரு படம் நாளுக்கு மூன்று காட்சிகளாக 100 நாள்கள் நிறைந்து ஓடினால் அதைப் பார்ப்போர் 1,50,000 பேர். அதே எண்ணிக்கையினர் தங்கத்தில் 20 நாள்களுக்குள் பார்த்து முடித்துவிடுவர். நாள் எண்ணிக்கையை மட்டும் வைத்து வெற்றி தோல்வி எழுதும் வரலாறு, அரங்கின் அளவை மறந்த வரலாறாகும். பெரிய அரங்கில் குறைந்த நாள் ஓடிய படம், சிறிய அரங்கில் வெள்ளி விழாக் கண்ட படத்தைவிட மிகுதியான மக்களைச் சென்றடைந்திருக்கலாம்.

அரங்கின் அளவு தெருவையும் மாற்றியது. ஒரு காட்சி முடிந்து மறு காட்சி தொடங்கும் இடைவேளையில் வெளிவருவோரும் உள்நுழைவோருமாக 5,000க்கும் மேற்பட்டோர் ஒரே தெருவில் திரளும் நிலை உருவாகும். இத்தகைய திரள்வு கோயில் திருவிழாவில் ஆண்டுக்குச் சில நாள்களே நிகழ்வது. பெரிய திரையரங்கு அதனை நாள்தோறும் மும்முறை நிகழக்கூடியதாக்கியது. தேநீர்க்கடை, சைக்கிள் நிறுத்தம், பாட்டுப் புத்தகம் விற்போர், பூக்காரர் எனத் திரையரங்கை அண்டி வாழ்ந்த சிறுதொழில்களின் வரலாறும் அக்கட்டடத்தின் வரலாற்றில் அடங்கும்.

7. கூரைக்குக் கீழே இருந்த கோடுகள்

சிவத்தம்பியின் கருத்தில் இரு பகுதிகள் உண்டு. அனைவரும் ஒரே கூரையின்கீழ் அமர்ந்தனர் என்பது ஒன்று; அமரும் இடத்தை வாங்கும் திறன் தீர்மானித்தது என்பது மற்றொன்று. பின்னதைக் கட்டடம் தெளிவாகக் காட்டுகிறது. தமிழகத் திரையரங்கில் திரைக்கு மிக அருகே தரை அல்லது பெஞ்சு, அதன் பின் நாற்காலி, அதற்கும் மேலே பால்கனி என விலை ஏற ஏறத் திரையிலிருந்து விலகி உயர்வதே வழக்கமான முறை. நாடகத்தில் மேடையை ஒட்டிய முன்வரிசையே பெரியமனிதர்க்கு உரியது. திரைப்படத்தில் அது தலைகீழாயிற்று. மிக அருகிலிருந்து கழுத்தை நிமிர்த்திப் பார்க்க வேண்டிய முன்னிடம் மிகக் குறைந்த கட்டணம் கொடுத்தோருக்கு வந்து சேர்ந்தது. 'தரை டிக்கெட்' என்னும் சொல் இன்றும் இகழ்ச்சிப் பொருளில் வழங்குவது அக்கட்டட அமைப்பின் மொழிச்சுவடு.

வகுப்புகளுக்கெனத் தனித்தனிச் சீட்டு விற்குமிடமும் நுழைவாயிலும் இருந்தமையால், ஒரே படத்தைப் பார்த்த இருவர் ஒருவரையொருவர் நேரில் காணாமலேயே வந்து செல்ல முடிந்தது. பெண்களுக்கெனத் தனி வரிசையும் பல அரங்குகளில் தனி இடமும் ஒதுக்கப்பட்டன. இதனைப் பிரிவினை என்று மட்டும் கூறிவிட இயலாது. உடன்வரும் ஆடவர் இன்றியும் பெண்கள் கூட்டமாகப் படம் பார்க்க வருவதை இவ்வேற்பாடு எளிதாக்கியது. அதே கோடு ஒருவருக்குத் தடையாகவும் மற்றொருவருக்குக் காப்பாகவும் அமைந்தது.

சாதிக்கும் செல்வத்துக்கும் நெருங்கிய தொடர்புள்ள சமூகத்தில், வாங்கும் திறனால் அமைந்த வரிசை பழைய வரிசையைப் பெருமளவு ஒத்திருந்தது. எனினும் ஒரு வேறுபாடு இருந்தது. பிறப்பால் அமைந்த இடத்தை மாற்ற முடியாது; சீட்டால் அமைந்த இடத்தை ஒரு நாள் கூலியை மிச்சம்பிடித்து மாற்றிக்கொள்ளலாம். தீக்குச்சிப் பெட்டி ஒட்டிய கூலியில் பால்கனிச் சீட்டு வாங்கியவரை எவரும் எழுப்பிவிட முடியாது. இந்தச் சிறிய உறுதியே திரையரங்கின் சனநாயகம். எம்.எஸ்.எஸ். பாண்டியன் தம் ஆய்வுகளில் விளக்கியவாறு, தமிழ் உயர்குடியினர் திரைப்படத்தைப் பாமரரின் களியாட்டமெனத் தாழ்த்தியதற்கும் இதுவே ஒரு காரணம் எனலாம். 1980களில் மதுரையில் தங்கி ஆய்வு செய்த சாரா டிக்கி, நகர ஏழைகளின் வாழ்வில் திரைப்படம் பெற்றிருந்த இடத்தை 1993இல் வெளியான நூலில் விரிவாகப் பதிவு செய்தார். தங்கம் போன்ற அரங்குகளை நிறைத்த மக்கள் அவர்கள்.

'பராசக்தி'யோடு இவ்வரங்கு திறக்கப்பட்டது இவ்விடத்தில் தனிப்பொருள் பெறுகிறது. கோயிலையும் பூசாரியையும் நீதிமன்றத்தையும் கேள்விக்கு உட்படுத்திய அப்படத்தை, கோயில் நகரான மதுரையில், ஒரே நேரத்தில் ஈராயிரத்துக்கும் மேற்பட்டோர் அமர்ந்து கேட்டனர். தனியே படித்தால் கருத்தாக நிற்பது, கூட்டத்தில் கேட்டால் ஆரவாரமாகிறது. தன் ஆரவாரத்தைத் தானே கேட்கும் வாய்ப்பைப் பெரிய அரங்கு அக்கூட்டத்துக்கு அளித்தது.

8. தெற்குக் கரிசலும் மதுரை அரங்கும்

மதுரையின் அரங்குகளுக்கும் விருதுநகர்-சிவகாசி வட்டாரத்துக்கும் இருந்த உறவு, பார்வையாளர் வந்து சென்றதோடு முடிவதன்று. ஆனைக்குட்டம் போன்ற கரிசல் சிற்றூர்களில் பங்குனி, சித்திரைப் பொங்கல் விழாக்களில் விடிய விடிய நடக்கும் 'ஸ்பெஷல் நாடகம்' மதுரை நாடக மரபின் நீட்சி. நடிகர்கள் வெவ்வேறு ஊர்களிலிருந்து வந்து, ஒத்திகையின்றியே சங்கரதாஸ் சுவாமிகளின் பாடத்தை அடியொற்றி ஆடுவது அதன் முறை. அமெரிக்க ஆய்வாளர் சூசன் சைசர் 2005இல் வெளியிட்ட நூல், மதுரையை நடுவாகக் கொண்ட இக்கலைஞர் வாழ்வைப் பற்றியதாகும்.

இவ்வுறவின் மற்றொரு கிளை ஓவியம். 1898இல் பிறந்த சி. கொண்டையராஜூ, நாடகக் குழுவில் காட்சித் திரைகள் தீட்டி ஊர் ஊராகச் சென்றபின் 1940களில் கோவில்பட்டியில் நிலைகொண்டார். அவரும் அவர் மாணவர்களும் வரைந்த தெய்வப் படங்கள் சிவகாசி அச்சகங்களில் நாள்காட்டிகளாகப் பதிந்து இந்தியா முழுதும் பரவின. தீப்பெட்டிச் சிட்டை அச்சிடத் தொடங்கி வளர்ந்த சிவகாசி அச்சுத்தொழில், திரைப்படச் சுவரொட்டிகளையும் அச்சிட்டது. நாடகப் படுதாவில் தீட்டப்பட்ட தூணும் திரையும் ஒளிவட்டமும் நாள்காட்டியில் குடியேறி, வீட்டுச் சுவரை அடைந்தன. மேடை அழிந்தாலும் அதன் காட்சிமொழி தாளில் நிலைத்தது.

தீபாவளியும் இவ்வட்டாரத்தை மதுரைத் திரையோடு பிணைத்தது. புத்தாடை, பட்டாசு, புதுப்படம் என்னும் மூன்றும் இருபதாம் நூற்றாண்டுத் தமிழரின் தீபாவளிக்கு அடையாளங்களாயின. பட்டாசுத் தொழிலாளரின் ஆண்டு உழைப்பு முழுதும் தீபாவளியை நோக்கியது. பண்டிகைக்கு முன் கணக்கு முடித்துக் கைக்கு வந்த காசில் ஒரு பங்கு திரையரங்குக்குச் சென்றது. தங்கம் தீபாவளி நாளில் திறக்கப்பட்டது இப்பண்டிகைப் பொருளியலின் கணக்கறிந்த செயலாகும்.

9. மறைவும் மரபுரிமையும்

தங்கத்தின் வளர்ச்சிக்குக் காரணமான அளவே அதன் தளர்ச்சிக்கும் காரணமாயிற்று. 1975இல் சென்னையில் தொலைக்காட்சி ஒளிபரப்புத் தொடங்கியது. 1980களில் வீடியோ கேசட்டும், 1990களில் செயற்கைக்கோள் அலைவரிசைகளும் வந்தன. ஒரு காட்சிக்கு 500 பேர் வந்தால் 500 இருக்கை அரங்கு நிறைந்துவிடும். தங்கத்தில் அதே 500 பேர் ஐந்தில் ஒரு பங்கைக்கூட நிரப்பமாட்டார்கள். ஆளின்றியும் அதே பரப்பைப் பெருக்க வேண்டும். அதே விளக்குகளை எரிக்க வேண்டும். அதே நிலத்துக்கு வரி கட்ட வேண்டும். நகரின் நடுவே நிலமதிப்பு உயர உயர, ஒரு ஏக்கருக்கு மேற்பட்ட மனையில் ஒற்றைத் திரை நிற்பது வணிகக் கணக்குக்கு ஒவ்வாததாயிற்று. நீண்டகாலம் மூடிக் கிடந்த கட்டடம் 2011இல் இடிக்கப்பட்டது. அதன் இடத்தில் துணிக்கடை வளாகம் எழுந்தது.

இடிக்கப்பட்டபோது தங்கத்துக்கு வயது 59. 1958ஆம் ஆண்டின் நடுவண் தொல்லியல் சட்டம் நினைவுச்சின்னத்துக்கு நூறாண்டுப் பழமையை எதிர்பார்க்கிறது. தமிழ்நாடு மரபுரிமை ஆணையச் சட்டம் நிறைவேறியது 2012இல்; தங்கம் மறைந்த மறு ஆண்டில். சென்னை விக்டோரியா பொதுக்கூடம் பல பத்தாண்டுகள் சிதைந்து கிடந்தும் மீட்கப்படத் தக்கதெனக் கருதப்பட்டுப் புதுப்பிக்கப்பட்டதற்கு, அதன் கட்டடப் பாணியும் பத்தொன்பதாம் நூற்றாண்டுப் பிறப்பும் உதவின. அழகிய கோபுரமோ புகழ்பெற்ற கட்டடக்கலைஞரின் பெயரோ மக்கள் அரங்குகள் பலவற்றுக்கு வாய்க்கவில்லை. அவற்றின் சிறப்பு சுவரில் இல்லை. சுவர்களுக்கு இடையே நடந்த சேர்க்கையில் இருந்தது.

வேறு நகரங்களில் திரையரங்கு மரபுரிமைச் சின்னமாக ஏற்கப்பட்டுள்ளது. 1938இல் திறக்கப்பட்ட மும்பை ஈராஸ் திரையரங்கு, 2018இல் யுனெஸ்கோ உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்த்த மும்பையின் விக்டோரிய, ஆர்ட் டெகோ கட்டடத் தொகுதிக்குள் அடங்கியது. ஆனால் அங்கும் அளவுகோல் பாணியே. தமிழ்நாட்டுக்குத் தேவை பாணியோடு பயன்பாட்டையும் கணக்கில் கொள்ளும் அளவுகோல். எத்தனை பேர் கூடினர், யார் முதன்முதலாக உடன் அமர்ந்தனர், எந்தத் தொழில்கள் அதனைச் சுற்றி வாழ்ந்தன என்னும் வினாக்களுக்கு மதிப்பெண் தரும் முறை வகுக்கப்பட வேண்டும்.

கட்டடங்களைக் காக்க இயலாத இடத்திலும் அவற்றின் ஆவணங்களைக் காக்கலாம். உரிமம் பெறும்பொருட்டுத் திரையரங்குகள் வரைபடம், இருக்கைத் திட்டம் முதலியவற்றை ஆட்சியர் அலுவலகத்தில் அளிக்க வேண்டியிருந்தது. கேளிக்கை வரிப் பதிவுகள் எத்தனை சீட்டுகள் எந்த வகுப்பில் விற்றன என்பதைக் காட்டவல்லவை. இவற்றோடு படக்கருவி இயக்கியோர், சீட்டுக் கிழித்தோர், வாசற்காவலர், இடைவேளையில் முறுக்கு விற்றோர் ஆகியோரின் வாய்மொழி வரலாறும் சேர்ந்தால், ஒரு திரையரங்கின் வரைபடம் உயிர்பெறும். இப்பணியைப் பல்கலைக்கழகத் தமிழ்த்துறைகளும் கட்டடக்கலைத் துறைகளும் இணைந்து மேற்கொள்ளலாம். அத்தொழிலில் வாழ்ந்த தலைமுறையினர் முதுமையடைந்துவிட்டமையால் இதற்குரிய காலம் மிகக் குறுகியது.

10. முடிவுரை

தங்கம் திரையரங்கைப் பற்றிய இவ்வாய்விலிருந்து மூன்று முடிவுகள் பெறப்படுகின்றன. முதலாவது, அதன் பேரளவு குரலின் எல்லையை ஒலிபெருக்கி கடந்ததாலும், மதுரைக் கோட்டைவளையத்தின் பரந்த நிலமும் போக்குவரத்தும் வாய்த்ததாலும், தெற்கு மாவட்டங்களின் மக்கள் அதன் பார்வையாளராக இருந்ததாலும் சாத்தியமாயிற்று. இரண்டாவது, ஒரே கூரை என்பது சமத்துவத்தைக் குறிப்பதன்று. மாற்றிக்கொள்ளத்தக்க வேற்றுமையைக் குறிப்பது. கோயிலில் பிறப்பால் வரையப்பட்ட கோட்டைத் திரையரங்கு அழிக்கவில்லை. அதனைக் காசால் வரைந்தது. பிறப்புக்கோட்டைக் கடக்கப் போராட்டமும் சட்டமும் வேண்டியிருந்த காலத்தில், காசுக்கோட்டைக் கடக்க ஒரு நாள் கூலி போதும் என்னும் நிலை பெரிய விடுதலையாக உணரப்பட்டது. மூன்றாவது, படங்களின் வரலாற்றை அரங்கின் அளவோடு சேர்த்தே எழுத வேண்டும். இல்லையெனில் நாள் கணக்கு எஞ்சும். மக்கள் கணக்கு மறையும்.

இன்று அம்மனையில் தீபாவளிக்குப் புத்தாடை வாங்குவோர் கூடுகின்றனர். அங்கும் விலைக்கேற்ப மாடிகள் உண்டு. எவரும் உள்ளே நுழையலாம். ஆனால் அவர்கள் ஒரே திசையை நோக்கி அமர்வதில்லை. ஒரே நேரத்தில் சிரிப்பதோ அழுவதோ இல்லை. 1952ஆம் ஆண்டுத் தீபாவளியன்று அந்நிலத்தில் தொடங்கி, அக்கட்டடத்தோடு மறைந்தது அக்கூட்டு அனுபவம். அதனைப் பதிவு செய்யும் கடமை எஞ்சியிருக்கிறது.